போருக்கு முன் கைகுலுக்கியவர்கள்: பிரிட்டன்–ஜெர்மனி நட்புறவுக் கழகங்கள் எதைச் சாதித்தன, எங்கே தவறின?

இரண்டு நாடுகளுக்கு இடையே பகை முற்றும்போதெல்லாம் சிலர் மட்டும் எதிர்த்திசையில் நடப்பார்கள். வாகா எல்லையில் பத்திரிகையாளர் குல்தீப் நய்யார் போன்றவர்கள் மெழுகுவத்தி ஏந்தி நின்றது பலருக்கு நினைவிருக்கும். அப்படிப்பட்டவர்களைப் பற்றிச் செய்தி வந்தவுடனே இரண்டு விதமான பேச்சு கிளம்புகிறது. ஒன்று, 'இவர்கள் உலகம் தெரியாத அப்பாவிகள்'. மற்றொன்று, 'இவர்கள் எதிரியின் கையாட்கள்'. இந்த இரண்டில் எது சரி என்ற குழப்பம் நியாயமானதுதான்.

இதற்கு விடை தேட, நன்றாகப் பதிவாகியிருக்கும் ஒரு வரலாற்றைப் பார்க்கலாம். இருபதாம் நூற்றாண்டில் பிரிட்டனும் ஜெர்மனியும் இரண்டு முறை போருக்குப் போயின. இரண்டு போர்களுக்கும் முன்னால் இரு நாட்டுக் குடிமக்களும் நட்புறவுக் கழகங்கள் நடத்தினார்கள். பெயர்கள் கிட்டத்தட்ட ஒரே மாதிரி இருந்தன. ஆனால் முதல் முறை நடந்தது வேறு, இரண்டாம் முறை நடந்தது முற்றிலும் வேறு.

## நட்புறவுக் கழகம் என்பது என்ன

அரசுகள் தூதர்கள் வழியாகப் பேசிக்கொள்வது ராஜதந்திரம். அரசுப் பதவியில் இல்லாதவர்கள், அதாவது வணிகர்கள், பேராசிரியர்கள், மதகுருமார்கள், பத்திரிகையாளர்கள் போன்றவர்கள், எல்லைக்கு அப்பால் இருக்கும் தங்களைப் போன்றவர்களுடன் நேரடியாக உறவு ஏற்படுத்திக்கொள்வதற்குக் குடிமக்கள் ராஜதந்திரம் என்று பெயர். அதற்காக ஏற்படும் அமைப்புதான் நட்புறவுக் கழகம்.

இதில் ஒரு வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். நம் ஊர்களில் ஒரு காலத்தில் 'இஸ்கஸ்' என்ற இந்திய–சோவியத் கலாச்சாரக் கழகம் நடந்தது. அது இரண்டு அரசுகளும் நெருக்கமாக இருந்த காலத்து அமைப்பு. அதில் சேர்ந்தவரை யாரும் துரோகி என்று ஏசிவிடப் போவதில்லை. பகை நாடுகளுக்கு இடையே கழகம் நடத்துவது வேறு. அதில் உறுப்பினர் ஆவதற்கே கொஞ்சம் துணிச்சல் வேண்டும். இந்தக் கட்டுரை அந்த வகையைப் பற்றியது.

## 1905: தொடக்கம்

பிரிட்டனுக்கும் ஜெர்மனிக்கும் இடையே நிலத் தகராறு எதுவும் இல்லை. அரச குடும்பங்கள் உறவுக்காரர்கள். கைசர் இரண்டாம் வில்ஹெல்ம், விக்டோரியா மகாராணியின் மகள் வயிற்றுப் பேரன். வணிகத்திலும் ஒருவருக்கு ஒருவர் பெரிய வாடிக்கையாளர்கள். பிரச்சினை கடலில் இருந்தது.

ஜெர்மனி 1898-ல் ஒரு கடற்படைச் சட்டம் கொண்டுவந்தது. 1900-ல் இரண்டாவது சட்டம் வந்து, 38 பெரிய போர்க்கப்பல்கள் என்று இலக்கு வைத்தது. பிரிட்டன் ஒரு தீவு. சாப்பாட்டுக்கே கப்பல் வர வேண்டும். பக்கத்துக் கடலில் இன்னொரு பெரிய கடற்படை எழுவதை அது தன் உயிர்ப் பிரச்சினையாகப் பார்த்தது. பதிலுக்கு 1906-ல் 'டிரெட்நாட்' என்ற புதுவகைப் போர்க்கப்பலை இறக்கியது. அதன் பிறகு இரண்டு நாடுகளிலும் கப்பல் கட்டுவது போட்டியாகிவிட்டது. இரண்டு பக்கத்துப் பத்திரிகைகளும் அதில் எண்ணெய் ஊற்றின.

இந்தச் சூழலில்தான் 1905-ல் லண்டனில் ஆங்கிலோ–ஜெர்மன் நட்புறவுக் குழு தொடங்கியது. வங்கியாளரும் விஞ்ஞானியுமான ஆவ்பரி பிரபு அதன் முன்னணியில் இருந்தார். 1906-ல் ஜெர்மன் நகர மேயர்கள் பிரிட்டனுக்கு வந்தார்கள். அதே ஆண்டு ஜெர்மன் பத்திரிகை ஆசிரியர்கள் வந்தார்கள். மறு ஆண்டு பிரிட்டிஷ் ஆசிரியர்கள் ஜெர்மனி போனார்கள். 1911-ல் குழு வளர்ந்து ஆங்கிலோ–ஜெர்மன் நட்புறவுச் சங்கம் ஆனது.

எல்லோருடைய கணிப்பும் ஒன்றுதான்: இது தவறான புரிதலால் வந்த பகை, நேரில் பார்த்துப் பேசினால் விலகிவிடும். இந்தக் கணிப்பில் பாதி உண்மை. மீதிப் பாதிதான் பின்னால் அவர்களைக் கவிழ்த்தது.

## மதகுருமார்களின் பயணம்

இந்த முயற்சிகளில் ஆழமாக வேர்விட்டது தேவாலயங்கள் வழியாக நடந்த வேலை. அதைத் தூக்கிச் சுமந்தவர் ஜோசப் ஆலன் பேக்கர். கனடாவில் பிறந்தவர், குவேக்கர் என்ற, போரை முற்றாக மறுக்கும் கிறித்தவப் பிரிவைச் சேர்ந்தவர், பேக்கரி இயந்திரங்கள் செய்யும் தொழிலதிபர், லண்டனின் கிழக்கு ஃபின்ஸ்பரி தொகுதி நாடாளுமன்ற உறுப்பினர். ஜெர்மன் பக்கத்தில் அவருக்குத் தோள்கொடுத்தவர் ஃப்ரீட்ரிக் சீக்மண்ட்-ஷுல்ட்ஸே என்ற இளம் மதகுரு. பெர்லினின் கிழக்குப் பகுதியில், தொழிலாளர்கள் வாழும் தெருக்களில் சமூகப் பணி செய்தவர்.

1908 மே 26 முதல் ஜூன் 3 வரை, நூற்றுக்கும் மேற்பட்ட ஜெர்மன் தேவாலயப் பிரதிநிதிகள் பிரிட்டனுக்கு விருந்தினராக வந்தார்கள். அதே மே 26 அன்று டான்சிக் துறைமுகத்தில் ஜெர்மன் கடற்படை ஒரு புதிய கப்பலைக் கடலில் இறக்கியது. அதன் பெயர் எம்டன். ஆறு ஆண்டு கழித்து, 1914 செப்டம்பர் 22 இரவில் சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்தி, நம் பேச்சு வழக்கில் ஒரு சொல்லாகவே நிலைத்துவிட்ட அதே எம்டன். ஒரே நாளில் நட்புப் பயணமும் கிளம்பியது, போர்க்கப்பலும் இறங்கியது. அந்தக் காலகட்டம் முழுவதும் இப்படித்தான் நகர்ந்தது.

1909 மார்ச்சில் பிரிட்டனில் கப்பல் பீதி கிளம்பியது. அரசு நான்கு டிரெட்நாட் போதும் என்று நினைக்க, 'எட்டு வேண்டும், காத்திருக்க மாட்டோம்' என்று தெருவில் கோஷம் எழுந்தது. அந்தச் சூடு அடங்குவதற்குள், ஜூன் 7 முதல் 20 வரை, பிரிட்டிஷ் மதகுருமார்கள் பதில் பயணமாக ஜெர்மனி போனார்கள். கூச்சலுக்கு நடுவே பெட்டி கட்டிக்கொண்டு கிளம்பிய அவர்களைப் பார்த்தால் எனக்கு மரியாதைதான் வருகிறது.

1911 பிப்ரவரியில் இந்த வேலைக்கு நிலையான வடிவம் கிடைத்தது. பிரிட்டிஷ், ஜெர்மன் பேரரசுகளின் தேவாலயங்களிடையே நட்பை வளர்க்க ஓர் இணை மன்றம் ஏற்பட்டது. பிரிட்டிஷ் பக்கத்துத் தலைவர், இங்கிலாந்துத் திருச்சபையின் தலைமை மதகுருவான கேன்டர்பரி பேராயர் ராண்டால் டேவிட்சன். லண்டன் தொடக்க விழாவில் பேச வந்தவர் பெர்லினின் ஆடால்ஃப் ஹார்னாக், அன்றைய ஜெர்மனியின் மிகப் பெரிய இறையியல் அறிஞர். லண்டனிலிருந்து ஒரு பத்திரிகையும், 1913 முதல் பெர்லினிலிருந்து 'டி ஐகே' என்ற காலாண்டிதழும் வெளிவந்தன. சீக்மண்ட்-ஷுல்ட்ஸே நடத்திய அந்த இதழின் பெயருக்கு ஓக் மரம் என்று பொருள்.

## கான்ஸ்டான்ஸ், 1914 ஆகஸ்ட்

அடுத்த கட்டமாக, இரு நாட்டு மன்றத்தைப் பல நாட்டு அமைப்பாக விரிவாக்க ஒரு மாநாடு கூட்டினார்கள். அமெரிக்கத் தொழிலதிபர் ஆண்ட்ரூ கார்னெகி 1914 பிப்ரவரியில் 20 லட்சம் டாலர் கொடுத்து ஏற்படுத்திய தேவாலய அமைதி ஒன்றியம் இதற்கு உதவியது. இடம், ஜெர்மனியின் தென்கோடியில் ஏரிக்கரை நகரமான கான்ஸ்டான்ஸ். நாள், ஆகஸ்ட் மாதத் தொடக்கம்.

ஜூன் 28-ல் சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர் சுட்டுக் கொல்லப்பட்டார். ஜூலை 23-ல் ஆஸ்திரியா செர்பியாவுக்குக் கெடு விதித்தது. ஆகஸ்ட் 1-ல் ஜெர்மனி ரஷ்யா மீது போர் அறிவித்தது. ரயில்களில் பட்டாளத்தார் ஏறிக்கொண்டிருக்க, வர வேண்டிய பிரதிநிதிகளில் பலரால் வந்து சேர முடியவில்லை. வந்தவர்கள் ஆகஸ்ட் 2 அன்று, முன்பு மடமாக இருந்த ஒரு ஏரிக்கரை ஹோட்டலில் கூடினார்கள். பேக்கரும் அங்கே இருந்தார்.

மறுநாளே கலைந்து போக வேண்டிய நிலை. ஜெர்மன் அதிகாரிகள் பாதுகாப்பு கொடுத்து, கொலோன் வழியாக ரயிலில் ஹாலந்து எல்லைவரை அனுப்பிவைத்தார்கள். கொலோன் ரயில் நிலையத்தில் சீக்மண்ட்-ஷுல்ட்ஸேயும் ஹென்றி ஹாட்கின் என்ற ஆங்கிலேயக் குவேக்கரும் கைகொடுத்து, நம் நாடுகள் சண்டையிட்டாலும் நாம் இருவரும் பகைவர் ஆக மாட்டோம் என்று உறுதி சொல்லிக்கொண்டு பிரிந்தார்கள். ஆகஸ்ட் 4 இரவு பிரிட்டன் போரில் இறங்கியது.

## ஏன் தடுக்க முடியவில்லை

ஒன்பது ஆண்டு வேலை ஐந்து வாரத்தில் நொறுங்கியது. காரணங்களை ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

1. நோயைப் பாதிதான் கண்டுபிடித்தார்கள். பத்திரிகைகள் வளர்த்த வெறுப்பு உண்மையில் புரிதல் குறைவால் வந்தது. நேரில் சந்தித்தபோது அது குறையவும் செய்தது. ஆனால் கப்பல் எண்ணிக்கை ஒரு நிஜமான தகராறு. இரண்டு பேருக்கும் ஒன்றையொன்று நன்றாகவே புரிந்திருந்தது. 1912-ல் பிரிட்டிஷ் அமைச்சர் ஹால்டேன் பெர்லின் போய்ப் பேசியும் அது தீரவில்லை. விருந்து மேஜையில் தீரக்கூடிய விஷயமாக அது இருக்கவில்லை.

2. முடிவெடுப்பவர்கள் வேறு இடத்தில் இருந்தார்கள். ஜெர்மனியில் படைமேல் அதிகாரம் கைசரிடமும் தளபதிகளிடமும் இருந்தது. பிரிட்டனில் 1906 முதல் பிரெஞ்சுப் படைத் தலைமையோடு ரகசியப் பேச்சு நடந்துவந்தது. அமைச்சரவையில் பலருக்கே 1911 வரை அது தெரியாது. அமைச்சருக்கே தெரியாததைப் பேராயரும் பேராசிரியரும் எப்படி எதிர்த்துப் பேசியிருக்க முடியும்? ஜனநாயக நாட்டிலும் போர் பற்றிய முடிவுகள் எவ்வளவு இருட்டில் எடுக்கப்படுகின்றன என்பதுதான் இந்த வரலாற்றில் என்னை மிகவும் உறுத்தும் பகுதி.

3. எதிர்த்தரப்பு அமைப்புகள் பெரியவை. 1898-ல் தொடங்கிய ஜெர்மன் கடற்படைச் சங்கத்துக்கு, துணை அமைப்புகளையும் சேர்த்தால், பத்து லட்சத்துக்கும் மேல் உறுப்பினர்கள். ஆயுத ஆலைகளின் பணமும் அரசின் ஆசியும் அதற்கு இருந்தன. அதுவும் ஒரு குடிமக்கள் அமைப்புதான் என்பதை மறக்கக் கூடாது. மக்கள் சேர்ந்தாலே அமைதி வந்துவிடாது. எதற்காகச் சேர்கிறார்கள் என்பது முக்கியம்.

4. தன் அரசைக் கேள்வி கேட்கும் பழக்கம் இல்லை. இதைத்தான் மிகப் பெரிய குறையாக நான் பார்க்கிறேன். அரசர்களின் வரவேற்பும் பிரபுக்களின் தலைமையும் கழகங்களுக்கு மதிப்பைக் கொடுத்தன. அதே மதிப்பு வாயையும் கட்டியது. அடுத்த நாட்டைப் பாராட்டினார்கள். தன் நாட்டின் கப்பல் திட்டத்தைக் கண்டிக்கத் தயங்கினார்கள். விளைவு, போர் வந்ததும் பெரும்பாலானோர் தன் அரசு சொன்ன காரணத்தை அப்படியே ஏற்றுக்கொண்டார்கள். 1914 அக்டோபரில் 93 ஜெர்மன் அறிஞர்கள் ஓர் அறிக்கை விட்டார்கள். போருக்கு ஜெர்மனி காரணம் இல்லை, பெல்ஜியத்தின் நடுநிலையை மீறவில்லை என்று அது சாதித்தது. கையெழுத்திட்டவர்களில் ஒருவர் ஹார்னாக், மூன்றரை ஆண்டுக்கு முன் லண்டனில் நட்பைப் பற்றிப் பேசிய அதே ஹார்னாக். கேன்டர்பரி பேராயரும் தன் பக்கத்து மதகுருமார்களோடு சேர்ந்து ஜெர்மன் சபையாருக்குப் பதிலறிக்கை விட்டார்.

இதே குறையை வேறொரு கடலோரத்திலும் பார்க்கலாம். 1924-ல் அமெரிக்கா ஜப்பானியர் குடியேற்றத்தைச் சட்டம் போட்டு நிறுத்தியது. மனம் வருந்திய அமெரிக்கர்கள் 1927-ல் ஜப்பானியக் குழந்தைகளுக்கு 12,739 பொம்மைகள் அனுப்பினார்கள். ஜப்பான் 58 பெரிய பொம்மைகளைத் திருப்பி அனுப்பியது. அன்பு உண்மையானது. ஆனால் சட்டம் அப்படியே இருந்தது. பின்னால் போர்க்காலத்தில் அந்தப் பொம்மைகளில் பெரும்பாலானவை அழிக்கப்பட்டன.

## போருக்குள் மிஞ்சியது

சரி, அப்படியானால் எல்லாம் வீண்தானா? போரைத் தடுத்ததா என்று மட்டும் கேட்டால், ஆம், வீண்தான். ஆனால் அந்த ஒரு கேள்வியோடு நிறுத்திக்கொள்வதால்தான் இந்த மனிதர்களைத் தவறாக எடைபோடுகிறோம் என்று நினைக்கிறேன்.

போர் தொடங்கிய மூன்றாம் நாள், 1914 ஆகஸ்ட் 7 அன்று, லண்டனில் குவேக்கர்கள் ஓர் அவசர உதவிக் குழு அமைத்தார்கள். யாருக்கு உதவ? பிரிட்டனில் மாட்டிக்கொண்ட ஜெர்மானியர்களுக்கும் ஆஸ்திரியர்களுக்கும். லண்டனில் ரொட்டிக்கடையும் இறைச்சிக்கடையும் வைத்து, ஆங்கிலேயப் பெண்களை மணந்து வாழ்ந்துவந்த ஜெர்மானியர்கள் ஒரே இரவில் 'எதிரி நாட்டார்' ஆகிவிட்டார்கள். 1915 மே மாதம் லூசிடானியா பயணிக் கப்பலை ஜெர்மன் நீர்மூழ்கி மூழ்கடித்தபோது ஆத்திரம் அவர்களுடைய கடைகள் மேல் திரும்பியது. ஆண்களில் 30,000-க்கும் மேற்பட்டோரை முகாம்களில் அடைத்தார்கள். மிகப் பெரியது மான் தீவில் இருந்த நாக்கலோ முகாம். வருமானம் போன குடும்பங்களுக்குச் சாப்பாடு, முகாமில் இருந்தவர்களுக்குக் கைவேலைக் கருவிகள், சொந்த ஊர் திரும்பும் பெண்களுக்கு வழித்துணை என்று இந்தக் குழு இறங்கி வேலை செய்தது.

அந்தப் பக்கம் பெர்லினில் சீக்மண்ட்-ஷுல்ட்ஸேயும் எலிசபெத் ரோட்டன் என்ற பெண்மணியும் இதற்கு இணையான உதவி நிலையம் ஒன்றை நடத்தினார்கள். பெர்லின் அருகே ரூலேபன் குதிரைப் பந்தயத் திடலில் அடைக்கப்பட்ட சுமார் 4,000 பிரிட்டிஷ் ஆண்களும் அவர்களுடைய குடும்பங்களும் அதனால் பயன்பெற்றார்கள். இரண்டு நாடுகளும் சண்டையிட்டுக்கொண்டிருந்த காலத்தில் இரண்டு நிலையங்களும் ஒன்றின் வேலைக்கு மற்றொன்று துணையாக இருந்தன. போருக்கு முந்தைய ஆண்டுகளில் ஏற்பட்ட அறிமுகம் இல்லையென்றால் இந்த நம்பிக்கைக்கு வழியே இருந்திருக்காது.

1914 டிசம்பரில் ஹாட்கின் கேம்பிரிட்ஜில் ஒப்புரவுத் தோழமை என்ற போர் எதிர்ப்பு அமைப்பைத் தொடங்குவதில் முன்நின்றார். பேக்கரின் மகன் பிலிப் நோயல்-பேக்கர் அதே ஆண்டு குவேக்கர் ஆம்புலன்ஸ் படையை உருவாக்கினார். 1959-ல் ஆயுதக் குறைப்புக்கான உழைப்புக்காக அமைதி நோபல் பரிசு பெற்றார்.

## 1935: பெயர் அதே, சரக்கு வேறு

போருக்குப் பின் 1929-ல் ஆங்கிலோ–ஜெர்மன் சங்கம் மீண்டும் துளிர்த்தது. தலைவர், இந்தியாவின் முன்னாள் வைஸ்ராய் ரீடிங் பிரபு. அவர் யூதர். 1933-ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் பதவி விலகினார். யூத உறுப்பினர்களை வைத்துக்கொள்வதா என்ற பிரச்சினையிலேயே 1935-ல் சங்கம் கலைந்தது.

அதே ஆண்டு அதன் இடத்தில் ஆங்கிலோ–ஜெர்மன் தோழமை என்ற புதிய அமைப்பு வந்தது. தலைவர் மவுண்ட் டெம்பிள் பிரபு. வங்கியாளர்கள், பெரிய நிறுவனங்கள், பிரபுக்கள் சேர்ந்தார்கள். நாஜிக் கொள்கையை ஆதரிப்பதாக இதற்குப் பொருள் இல்லை என்றும் சொல்லிக்கொண்டார்கள். அந்த ஆண்டு செப்டம்பரில்தான் ஜெர்மனி யூதர்களின் குடியுரிமையைப் பறிக்கும் நியூரம்பெர்க் சட்டங்களை இயற்றியது.

அடிப்படை மாற்றம் எது என்றால், எதிர்ப் பக்கத்தில் இப்போது குடிமக்கள் இல்லை. பெர்லினில் இருந்த இணை அமைப்பு, ஹிட்லரின் ஆளான ரிப்பன்ட்ராப்பின் அலுவலகத்தோடு ஒட்டிக்கொண்டிருந்தது. ஒரு பக்கம் தன்னார்வலர்கள், மறுபக்கம் அரசு. அதற்குப் பெயர் மக்கள் உறவு ஆகாது; ஓர் அரசு இன்னொரு நாட்டின் பெரிய மனிதர்களைப் பயன்படுத்திக்கொள்வது மட்டுமே. 1938 நவம்பரில் ஜெர்மனி முழுவதும் யூத வழிபாட்டிடங்களும் கடைகளும் தாக்கப்பட்ட பிறகு மவுண்ட் டெம்பிள் தலைவர் பதவியை விட்டார். நேர்மையான செயல், ஆனால் மூன்று ஆண்டு தாமதம்.

இன்னொன்று 'லிங்க்'. 1937-ல் தொடங்கியவர் ஓய்வுபெற்ற கடற்படைத் தளபதி பேரி டோம்வில், ஒரு காலத்தில் கடற்படை உளவுத் துறையின் தலைவர். இரண்டே ஆண்டில் ஊர் ஊராகக் கிளைகள், 4,000-க்கும் மேல் உறுப்பினர்கள். 1939 ஆகஸ்டில் உள்துறை அமைச்சரே நாடாளுமன்றத்தில் இதை ஜெர்மன் பிரச்சாரக் கருவி என்று சொன்னார். சாதாரண உறுப்பினர்களில் பலர், முதல் போரில் பிள்ளைகளை இழந்து இன்னொரு போரை எண்ணி அஞ்சியவர்கள். அவர்களுடைய அச்சத்தை வேறொருவர் காசாக்கியதுதான் கொடுமை.

## எப்படிப் பிரித்துப் பார்ப்பது

இனி இப்படியொரு அமைப்பைப் பற்றிச் செய்தி படிக்கும்போது, 'அப்பாவியா, கையாளா' என்று எடுத்த எடுப்பில் கேட்பதைவிடச் சில கேள்விகள் பயன்படும்.

1. எதிர்ப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது யார்? தன் அரசோடு மாறுபட முடிந்தவர்களா, அரசே அனுப்பியவர்களா? 1908-ல் முழு விடுதலை இல்லாவிட்டாலும் ஓரளவு இருந்தது. 1935-ல் அறவே இல்லை.

2. பணம் எங்கிருந்து வருகிறது? கார்னெகியின் பணம் வெளிப்படையாக அறிவிக்கப்பட்டது.

3. எதைப் பற்றிப் பேசாமல் இருக்கிறார்கள்? ஒரு கழகம் எதைக் கொண்டாடுகிறது என்பதைவிட எதைத் தவிர்க்கிறது என்பது அதிகம் காட்டிக்கொடுக்கும். 1914-க்கு முன் கப்பல்களைப் பற்றித் தயங்கினார்கள், அது பலவீனம். 1935-க்குப் பின் யூதர்களைப் பற்றி மௌனம் காத்தார்கள். அந்த மௌனத்துக்கு விலை கொடுத்தவர்கள் வேறு மனிதர்கள்.

4. போர் வந்த பின் எங்கே இருந்தார்கள்? 1939 செப்டம்பரில் போர் அறிவித்ததும் 'லிங்க்' கடையை மூடிவிட்டது; டோம்வில் 1940-ல் பாதுகாப்புச் சட்டத்தில் சிறைப்பட்டு 1943 வரை உள்ளே இருந்தார். பெர்லினில் ஆங்கிலேயக் கைதிகளின் குடும்பங்களுக்கு உதவிய சீக்மண்ட்-ஷுல்ட்ஸே அதற்கும் முன்பே நாட்டைவிட்டுத் துரத்தப்பட்டிருந்தார். 1933-ல் அவர் யூதர்களுக்கு உதவுகிறார் என்று சொல்லி நாஜி அரசு அவரை வெளியேற்றியது. அவர் சுவிட்சர்லாந்துக்குப் போனார். இருபது ஆண்டு நடந்த 'டி ஐகே' இதழும் அந்த ஆண்டோடு நின்றது.